கணவர் உங்களுடன் வசிக்கிறாரா?

டொலீடோ, ஒஹாயோ
பிப்ரவரி 9, 1975

அன்புள்ள வெர்லின்,

வாஷிங் மெஷின் போய்விட்டது. ஆகஸ்டில் அலாஸ்காவுக்குக் கிளம்பும்முன் அதன் வயிற்றுக்குள் ஏதோ ரப்பர் பட்டையை மாற்றி, "இன்னும் அஞ்சு வருஷம் ஓடும்" என்று தட்டிக்கொடுத்துவிட்டுப் போனாய். ஆறு மாதம்கூடத் தாங்கவில்லை. செவ்வாய்க்கிழமை முதலில் ஒரு முனகல், அப்புறம் புகை, அப்புறம் சமையலறை முழுக்கத் தண்ணீர். முழங்காலிட்டுத் துடைத்துக்கொண்டே உன்னைத் திட்டினேன். திட்டி முடித்ததும் வீடு ரொம்ப அமைதியாகிவிட்டது. நீ இருந்திருந்தால் எதிர்த்து ஏதாவது சொல்லியிருப்பாய்.

இப்போது துணி மூட்டையைத் தூக்கிக்கொண்டு காசு போட்டுத் துவைக்கும் கடைக்குப் போகிறேன். கண்ணாடி வழியே என் துணி மட்டும் தனியாகச் சுற்றுவதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். போன வாரம் அலமாரியிலிருந்து உன் நீலக் கட்டம்போட்ட சட்டையை எடுத்து, அழுக்கே இல்லாததை, சேர்த்துப் போட்டேன். சிரிக்காதே.

விஷயத்துக்கு வருகிறேன். வின்டர்பர்ன் கடையில் தவணையில் ஒரு மெஷின் எடுக்கலாம் என்று போனேன். கடை கார்டு இருந்தால்தான் தவணையாம். சரி, கொடுங்கள் என்று விண்ணப்பத்தை வாங்கி, பெயர் என்ற இடத்தில் ஆர்டித் ஹாலர் என்று எழுதினேன். ஐந்தாம் மாடியில் கடன் பிரிவில் மிஸ் ப்ரான்டல் என்றொரு பெண்மணி இருக்கிறாள். கண்ணாடியைச் சங்கிலியில் கட்டித் தொங்கவிட்டிருப்பாள். அதை மாட்டிக்கொண்டு பார்த்தாள்.

"மிஸஸ் வெர்லின் ஹாலர்னு எழுதணும்மா. கணவர் கையெழுத்தும் வேணும்."

"வேலை பாக்கறது நான். பல் டாக்டர் ஆபீஸ்ல ஒன்பது வருஷமா இருக்கேன்."

"இருக்கட்டும்மா. கணவர் கையெழுத்து வேணும்."

என் அம்மா கதையை உனக்கு எப்போதாவது சொல்லியிருக்கிறேனா? அப்பா இறந்த மறுவாரம் திரைச்சீலைக்குத் துணி வாங்கப் போனாள். துணியை வெட்டியாகிவிட்டது. கல்லாவில் இருந்தவள் அம்மா நீட்டிய கடைக் கணக்கு அட்டையைப் பார்த்துவிட்டு, "இந்தக் கணக்கு இறந்தவர் பேர்ல இருக்கே" என்று அட்டையை வாங்கி இழுப்பறையில் போட்டுப் பூட்டிக்கொண்டாள். அந்தக் கடைக்கு மாதாமாதம் போய்ப் பணம் கட்டியவள் அம்மாதான். வீட்டுக்கு வந்து தொப்பியைக்கூடக் கழற்றாமல் மாடிப்படியில் உட்கார்ந்திருந்தாள். எனக்கு அப்போது பதினைந்து வயது.

அதனால் பெயரை மாற்றாமல், எழுதியபடியே கொடுத்துவிட்டு வந்தேன். "பரிசீலிப்போம்" என்றாள். இனி வெள்ளிக்கிழமைதோறும் மதிய இடைவேளையில் போய் என்ன ஆயிற்று என்று கேட்கப்போகிறேன்.

ஜூனில் நீ வரும்போது புது மெஷின் இருக்கும். ஜூன் என்று எழுதவே நன்றாக இருக்கிறது.

உன்
ஆர்டித்

*

எண்ணெய்க் குழாய்ப் பாதை முகாம், ஃபேர்பேங்க்ஸுக்கு வடக்கே
பிப்ரவரி 23

ஆர்டித்,

மெஷினுக்கு என் அனுதாபம். பட்டை நல்ல பட்டைதான். நீ போர்வையைப் போட்டிருப்பாய்.

இங்கே குளிர் எவ்வளவு என்று எழுதினால் நம்பமாட்டாய். லாரி எஞ்சினை இரவெல்லாம் அணைப்பதில்லை. அணைத்தால் வசந்த காலத்தில்தான் திரும்பக் கிளம்பும். நான் பார்த்துக்கொள்ளும் கொதிகலன் ஒரு மணி நேரம் நின்றால் முகாமில் இருக்கிற அத்தனை பேரும் என் அறைக் கதவை வந்து இடிப்பார்கள். அதனால் எல்லாரும் என்னிடம் மரியாதையாக இருக்கிறார்கள். என்னோடு அறையில் இருக்கும் ஹாஸ்கல், டெக்சஸ்காரன், குறட்டையில் ரயில் ஓட்டுகிறான். சாப்பாட்டுக்குக் குறையில்லை. தினமும் மாட்டிறைச்சி. நீ வெள்ளிக்கிழமை செய்யும் மீன் இல்லை.

கடையிலிருந்து எனக்கும் ஒரு தாள் வந்தது, கணவர் கையெழுத்துக்கு. அன்றைக்கே போட்டு அனுப்பிவிட்டேன். இதற்குப் போய் நீ ஏன் வெள்ளிக்கிழமை தோறும் ஐந்து மாடி ஏற வேண்டும்? மெஷினுக்குப் பணம் அனுப்புகிறேன். வாங்கிக்கொள். கார்டெல்லாம் எதற்கு?

உன் அம்மா கதையை நீ சொன்னதில்லை. பதினோரு வருடத்தில் ஒரு தடவைகூடச் சொன்னதில்லை. அதைப் படித்துவிட்டு அன்று சாப்பாட்டுக் கூடத்துக்குப் போகவில்லை.

நீலச் சட்டையைத் திரும்பத் துவைக்காதே. சாயம் போகும்.

வெர்லின்

பி.கு. போன வாரம் எனக்கு ஓய்வு விடுப்பு வந்தது. எடுக்கவில்லை. போக வர ஆகும் செலவை நினைத்தேன்.

*

டொலீடோ
மார்ச் 14

வெர்லின்,

இன்று மதியம் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

விண்ணப்பம் என்ன ஆயிற்று என்று கேட்கப் போனேன். இத்தனை வாரமும் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் "பரிசீலனையில இருக்கு" என்றே சொல்லிக்கொண்டிருந்த மிஸ் ப்ரான்டல், இன்று என்னைப் பார்த்ததும் நாற்காலியில் உட்காரச் சொன்னாள்.

"நல்ல சேதி, மிஸஸ் ஹாலர். உங்க கணவர் கையெழுத்து வந்துருச்சு. அவர் கம்பெனிக்கும் போன் பண்ணி விசாரிச்சோம். அடுத்த ஏப்ரல் வரைக்கும் வேலை உறுதின்னு சொல்லிட்டாங்க."

"ஏப்ரல் இல்ல மேடம். ஜூன். இந்த ஜூன்ல வந்துடுவார்."

அவள் தாளைத் திருப்பிப் பார்த்தாள். "எழுபத்தாறு ஏப்ரல்னுதான் இருக்கு. ஜனவரியிலயே ஒப்பந்தத்தை நீட்டிச்சுட்டாராம். உங்களுக்குத் தெரியாதா?"

"தெரியுமே," என்றேன். "மறந்துட்டேன்."

மறந்துவிட்டேனாம். கணவன் இன்னும் ஒரு வருடம் வரமாட்டான் என்பதை, பால் வாங்க மறந்த மாதிரி.

அவள் நல்லவள்தான் போலிருக்கிறது. தலையைக் குனிந்துகொண்டாள். அப்புறம் பேனாவை எடுத்து, "இன்னும் ஒரே ஒரு கேள்விதான் பாக்கி" என்றாள். "கணவர் உங்களுடன் வசிக்கிறாரா? 'ஆமா'ன்னு போட்டுக்கட்டுமா?"

நான் என்ன சொல்லட்டும், வெர்லின்? நீயே சொல். விண்ணப்பத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

ஜனவரியிலிருந்து நீ எனக்கு எழுதிய கடிதங்களை எடுத்துப் பார்த்தேன். மாட்டிறைச்சி, குறட்டை, லாரி எஞ்சின். கடை ஒன்றின் ஐந்தாம் மாடிக்குத் தெரிந்தது எனக்குத் தெரியவில்லை.

வராத காரணம் விமானச் செலவு என்று எழுதினாயே, அதையாவது நம்பலாமா? அங்கே யாராவது இருந்தால் அதை எழுது. குளிரைப் பற்றி எழுதாதே.

ஆர்டித்

*

முகாம்
மார்ச் 30

ஆர்டித்,

யாரும் இல்லை. இங்கே ஐநூறு ஆண்களும் ஒரு கோபக்காரக் கரடியும்தான்.

இதற்கு மேல் எழுத மூன்று தாள் கிழித்தேன். இது நான்காவது.

கண்ணாடித் தொழிற்சாலையில் உலையை அணைத்து எங்களை அனுப்பிய பிறகு பதினாலு மாதம் வீட்டில் இருந்தேன், இல்லையா? நீ காலையில் கிளம்புவாய். கார் தெருமுனை திரும்பும் சத்தம் வரை கேட்பேன். அப்புறம் சாயங்காலம் அதே சத்தம் வரும்வரை உட்கார்ந்திருப்பேன். நீ ஒரு நாள்கூட ஒரு வார்த்தை சொன்னதில்லை. சிகரெட்டுக்குக் காசை என் கையில் கொடுக்காமல், நான் பார்க்காதபோது என் கோட்டுப் பைக்குள் வைத்துவிட்டுப் போவாய். நீ கத்தியிருந்தால் தாங்கியிருப்பேன். அந்தக் காசைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

இங்கே காலையில் எழுந்தால் ஐநூறு பேருக்கு வெந்நீர் என் கையில். "ஹாலர் எங்கடா, ஹாலரைக் கூப்பிடு" என்கிறார்கள். ஜனவரியில் மேற்பார்வையாளர் தாளை நீட்டி, "அடுத்த வருஷம் ஏப்ரல் வரைக்கும் இருக்கியா?" என்றார். கை தானாகக் கையெழுத்தைப் போட்டுவிட்டது. அன்று சாயங்காலமே உனக்கு எழுத உட்கார்ந்தேன். குறட்டையைப் பற்றித்தான் எழுத வந்தது.

திரும்பி வந்தால் அதே நாற்காலி. அதுதான் பயம். விமானச் செலவு பொய். அதைச் சொல்லிவிடுகிறேன்.

உன்னைப் பற்றி நினைக்காத நாள் இல்லை என்று எழுதினால் கடைக்காரன் பேச்சு மாதிரி இருக்கும். ஒன்று மட்டும் சொல்கிறேன். நீ பல் துலக்கிக்கொண்டே பேசுவாயே, ஒரு எழுத்தும் புரியாமல் நான் "ம், ம்" என்பேனே. அது வேண்டும் எனக்கு. இப்போது, இங்கே.

வெர்லின்

*

டொலீடோ
மே 18

வெர்லின்,

ஏப்ரல் முழுவதும் எழுதவில்லை. கோபம் பாதி, என்ன எழுதுவது என்று தெரியாதது பாதி. நீ அனுப்பிய ஈஸ்டர் அட்டை வந்தது. கரடி படம் நன்றாக இருந்தது.

அந்தக் காசு விஷயம். உன் மனசு புண்படக்கூடாது என்றுதான் பைக்குள் வைத்தேன். அதுதான் புண்படுத்தியது என்றால் எனக்கு மனிதர்களைப் பற்றி ஒன்றும் தெரியவில்லை. ஆனால் நீ ஒன்றைத் தெரிந்துகொள். அந்தப் பதினாலு மாதமும் சாயங்காலம் நம் தெருவுக்குள் கார் திரும்பும்போது ஜன்னலில் விளக்கு எரியும். இப்போது இருட்டில் சாவியைத் தேடுகிறேன்.

கடைக்குத் திரும்பப் போனேன். புது விண்ணப்பம் எழுதினேன். அதில் நீ இல்லை. என் வேலை, என் சம்பளம், என் வங்கிக் கணக்கு. உன் பெயர் கேட்ட இடத்தில் ஒரு கோடு போட்டேன். அந்தக் கோடு போடும்போது கை கொஞ்சம் நின்றது, ஒத்துக்கொள்கிறேன்.

முதல் வாரம் "பரிசீலனையில இருக்கு." அடுத்த வாரம் "கமிட்டிக்குப் போயிருக்கு." அதற்கடுத்த வாரம் மிஸ் ப்ரான்டல் என்னை உள்ளே கூப்பிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"உங்களுக்கு முப்பத்தேழு வயசு. நான் இதைக் கேட்டாகணும், தப்பா எடுத்துக்காதீங்க. குழந்தை பெத்துக்கற எண்ணம் இருக்கா?"

"அது எதுக்கு உங்க கடைக்கு?"

"குழந்தை பொறந்தா வேலையை விட்டுடுவீங்க, தவணை நின்னு போகும்னு மேல நினைக்கறாங்க."

எனக்கு எங்கிருந்து வந்ததோ தெரியவில்லை. "மேடம், என் வீட்டுக்காரர் நாலாயிரம் மைலுக்கு அந்தப் பக்கம் இருக்கார். தபால்ல பெத்துக்க வழி இருந்தா சொல்லுங்க, யோசிக்கிறேன்" என்றேன்.

வெர்லின், அவள் சிரித்துவிட்டாள். கண்ணாடி மூக்கிலிருந்து விழுந்து சங்கிலியில் ஊசலாடியது. நானும் சிரித்தேன். சிரித்துக்கொண்டே இருந்தவள் அழ ஆரம்பித்துவிட்டேன். அவள் மேசையிலிருந்த காகிதக் கைக்குட்டைப் பெட்டியை என் பக்கம் தள்ளிவிட்டு ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. காரணம்: "போதிய ஆதாரம் இல்லை." மூன்றாம் தடவை எழுதிக் கொடுத்திருக்கிறேன்.

நீ அனுப்பிய பணத்தில் மெஷின் வாங்கலாம்தான். வாங்க மனம் வரவில்லை. மூட்டை தூக்குகிறேன்.

ஆர்டித்

*

முகாம்
ஜூன் 22

ஆர்டித்,

நீ மிஸ் ப்ரான்டலிடம் சொன்னதை ஹாஸ்கலுக்குப் படித்துக் காட்டினேன். அவன் கட்டிலிலிருந்து விழுந்துவிட்டான். "இந்தப் பொம்பளையை விட்டுட்டு இங்க என்னடா பண்ற?" என்றான். நீ அழுததைப் படிக்கவில்லை. அதை எனக்கு மட்டும் வைத்துக்கொண்டேன்.

இப்போது இங்கே இரவே கிடையாது. சூரியன் மலை விளிம்பில் உருண்டுகொண்டே போகிறது, இறங்குவதில்லை. ஜன்னலில் போர்வையை ஆணியடித்துத்தான் தூங்குகிறோம். தூக்கம் வராதபோது வெளியே போய் ஆற்றங்கரையில் உட்காருவேன். கொசு என்றால் கொசு, பக்கத்து வீட்டுப் பூனை அளவு. எல்லாம் தெளிவாகத் தெரிகிறது, கல், தண்ணீர், நெடுந்தூரத்து மரம். யாரிடமாவது "பார்" என்று சொல்ல வேண்டும்போல் இருக்கிறது. திரும்பிப் பார்த்தால் ஒருவரும் இல்லை.

ஜூன் போய்க்கொண்டிருக்கிறது. வருவதாகச் சொன்ன ஜூன். அது எனக்குத் தெரியும்.

போன ஞாயிற்றுக்கிழமை ஒரு கடிதம் எழுதினேன். உனக்கில்லை. என்ன, யாருக்கு என்று கேட்காதே. உன்னிடம் முன்கூட்டிக் கேட்கவில்லை என்று கோபம் வரும். வரட்டும்.

நீ கோடு போட்ட இடத்தை அப்படியே வைத்திரு. நீ செய்தது சரி.

வெர்லின்

*

டொலீடோ
ஆகஸ்ட் 10

என் வெர்லின்,

வெள்ளிக்கிழமை போனேன். வழக்கம்போல "என்னாச்சு?" என்றேன். மிஸ் ப்ரான்டல் வாயே திறக்காமல் ஓர் உறையை மேசையில் வைத்தாள். பிரித்தால் கார்டு. எழுத்துகள் மேடாக எழும்பி நிற்கின்றன. ஆர்டித் ஹாலர். விரலால் தடவிப் பார்த்தேன். கண் தெரியாதவள் மாதிரி இரண்டு மூன்று தடவை தடவினேன்.

"அக்டோபர்லேர்ந்து சட்டம் மாறுது. இந்த மாதிரி கேள்வியெல்லாம் கேக்கக்கூடாதாம். மேல இருக்கறவங்க இப்பவே பழகிக்கச் சொல்றாங்க" என்றாள். அப்புறம் குரலைத் தாழ்த்தி, "அதுக்கு முன்னாடியே கமிட்டியில ஒரு லெட்டரை நான் படிச்சுக் காமிச்சேன்" என்று சொல்லி இழுப்பறையைத் திறந்தாள்.

உன் கையெழுத்தை அங்கே பார்ப்பேன் என்று நான் நினைக்கவில்லை.

"என் மனைவிக்காக நான் கையெழுத்துப் போட வேண்டும் என்கிறீர்கள். நான் வேலையில்லாமல் இருந்தபோது வீட்டுக்கு அவள்தான் கையெழுத்துப் போட்டாள். வாடகை, மளிகை, என் காலணி எல்லாம் அவள் சம்பளம். அப்போது எந்தக் கடையும் என்னிடம் வந்து அவள் எங்கே என்று கேட்கவில்லை. அவளைப் பற்றித் தெரிய வேண்டுமென்றால் அவளையே கேளுங்கள். அவள் பொய் சொல்லமாட்டாள். அந்த வேலையை நான் பார்த்துக்கொள்கிறேன்."

கடைசி வரியை மிஸ் ப்ரான்டல் கமிட்டியில் படிக்கவில்லையாம். "அது உங்களுக்குன்னு தோணுச்சு" என்றாள்.

கோபம்தான். கேட்காமல் எழுதினாய். ஆனால் அதை அங்கேயே இன்னொரு தடவை படித்தேன்.

அங்கிருந்து இறங்கி வந்தேன். மெஷின் விற்கும் தளத்தைத் தாண்டி இறங்கினேன். இரண்டாம் மாடியில் ஆகஸ்ட் கோட்டு விற்பனை. வெளியே புழுங்கித் தள்ளுகிறது, உள்ளே பெண்களெல்லாம் வியர்க்க வியர்க்கக் கம்பளிக் கோட்டு போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நானும் ஒன்றைப் போட்டேன். கணுக்கால் வரை இறங்கும், பச்சை நிறம், கழுத்தில் ரோமம்.

"இவ்வளவு கனமானதா? டொலீடோவுக்கு இது ஜாஸ்தியாச்சே" என்றாள் விற்கிற பெண்.

"டொலீடோவுக்கு இல்ல" என்று சொல்லிப் புதுக் கார்டை நீட்டினேன்.

செப்டம்பர் இரண்டாம் வாரம் டாக்டர் மீன் பிடிக்கப் போகிறார், ஆபீஸ் மூடியிருக்கும். ஃபேர்பேங்க்ஸுக்கு விமானச் சீட்டு எடுத்துவிட்டேன். உன் விடுப்பை எடுத்துக்கொண்டு அங்கே வா. நீ இங்கே வரமாட்டாய் என்றால் நான் அங்கே வருகிறேன், அவ்வளவுதான். வராதே என்று எழுத உனக்கு நேரம் இருக்கிறது. எழுதாதே.

ஆர்டித்

*

முகாம்
ஆகஸ்ட் 24

ஆர்டித்,

விடுப்பு எழுதிக் கொடுத்தாயிற்று. விமான நிலையத்தில் நிற்பேன். தாடி வைத்திருக்கிறேன், பயப்படாதே. பிடிக்கவில்லை என்றால் அங்கேயே சிரைத்துவிடலாம்.

ஊரில் அறை கிடைப்பது கடினம். ஹாஸ்கலின் நண்பன் ஒருவன் மரக்கடைக்கு மேலே ஓர் அறை தருகிறான். கட்டில் சின்னது என்று வருத்தப்பட்டான். பரவாயில்லை என்று சொன்னேன்.

வா. சீக்கிரம் வா.

வெர்லின்

*

முகாம்
அக்டோபர் 5

என் அன்பே,

நீ போய்ப் பதினைந்து நாளாகிறது. பனி விழ ஆரம்பித்துவிட்டது.

அந்த முதல் நாள் சண்டையை நினைத்துப் பார்க்கிறேன். நாலாயிரம் மைல் பறந்து வந்து, பெட்டியைக்கூடத் திறக்காமல், பச்சைக் கோட்டோடு கட்டில் நுனியில் உட்கார்ந்து நீ கேட்டதெல்லாம் நியாயம். கீழே மரக்கடைக்காரன் விளக்குமாற்றால் கூரையைத் தட்டினான். "தட்டட்டும், இதுக்காகத்தான் வந்திருக்கேன்!" என்று நீ இன்னும் உரக்கக் கத்தினாய். பதினோரு வருடத்தில் நீ என்னிடம் கத்தியது அன்றுதான். அன்று ராத்திரி நான் நன்றாகத் தூங்கினேன். அதை உன்னிடம் சொல்லவில்லை.

அப்புறம் அந்த ஆற்றங்கரை நடை. பிர்ச் மரமெல்லாம் மஞ்சள். ஒவ்வொன்றுக்கும் நீ "பார், வெர்லின், பார்" என்றாய். நான் பார்த்தேன். நான் பார்த்தது மரத்தை மட்டும் இல்லை.

கிளம்பும் நாள் முழுவதும் நீ "வந்துடு" என்று கேட்பாய் என்று காத்திருந்தேன். பதிலெல்லாம் தயாராக வைத்திருந்தேன், ஒப்பந்தம், ஏப்ரல், அங்கே வேலை எங்கே இருக்கிறது என்று. விமானத்துக்குக் கூப்பிட்டார்கள். நீ என் கோட்டுக் காலரைச் சரிசெய்துவிட்டு, "நல்லா சாப்பிடு" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போய்விட்டாய். தயாராக வைத்திருந்த பதிலெல்லாம் என் கையிலேயே நின்றுவிட்டது. யாரிடம் சொல்வது?

நேற்று ஆபீசுக்குப் போனேன். ஒப்பந்தத்தை முறிக்க வேண்டும் என்றேன். குமாஸ்தா பேனாவைக் காதிலிருந்து எடுத்தான்.

"காரணம்னு என்ன போடறது?"

"என் மனைவி டொலீடோவுல இருக்கா."

"இதெல்லாம் ஒரு காரணமாய்யா? இங்க இருக்கற எல்லார் பொண்டாட்டியும் எங்கயோதான் இருக்கா."

"அதேதான் காரணம். அப்படியே எழுதிக்கங்க."

என் முகத்தைப் பார்த்தான். எழுதிக்கொண்டான். ஹாஸ்கல் எனக்காக ஒரு புட்டி திறந்தான். பிறகு, தன் வீட்டுக்குப் போன் போட வரிசையில் போய் நின்றான்.

டொலீடோவில் எனக்கு வேலை எதுவும் காத்திருக்கவில்லை. தேடுவேன். கிடைக்காவிட்டால் கத்து. பைக்குள் எதையும் வைக்காதே, நேராகக் கையில் கொடு, நானும் நேராக வாங்கிக்கொள்கிறேன்.

கொதிகலனைப் புது ஆளிடம் ஒப்படைத்துவிட்டு வெள்ளிக்கிழமை லாரியில் கிளம்புகிறேன். இங்கிருந்து போகும் தபால் எப்போதும் மெதுவாகத்தான் வரும். இந்தக் கடிதம் வருவதற்குள் நானே வந்துவிடுவேன் என்று தோன்றுகிறது. அப்படி ஆனால், தபால்காரர் வரும்போது நான் போய்க் கதவைத் திறக்கிறேன். வாங்கி உன் கையில் கொடுக்கிறேன்.

வெர்லின்